பதினாலாம் பாடம்

துடைக்கிற பொண்ணைத்தானே தேடுறீங்க? அது இனிமே மேல வராதும்மா. காலையில உங்க மாமியாரை ஸ்கேன் எடுக்கக் கீழ கூட்டிட்டுப் போனீங்கள்ல, அந்த நேரத்துலதான் எல்லாம் நடந்து முடிஞ்சுது. இப்ப கீழ, சூப்பர்வைசர் ரூம் வாசல்ல, பெஞ்சுல உக்காந்திருக்கு. நாலு மணிக்கு ஷிப்ட் மாறும்போது அடையாள அட்டையை வாங்கிட்டு அனுப்பிருவாங்களாம். நாகஜோதின்னு பேரு. எட்டு நாளா நீங்களும் அது துடைச்ச தரையிலதான் நடக்குறீங்க, பேரு தெரிஞ்சிருக்காது.

எனக்குத் தெரியும். என் ஸ்டூடண்டும்மா அது.

நீங்க கேக்கல, நானாத்தான் சொல்றேன். உங்களுக்கு நாளைக்கு டிஸ்சார்ஜ்னு நர்ஸ் சொல்லிட்டுப் போச்சு. அப்புறம் என்னை எங்க பாக்கப் போறீங்க? அந்தத் தைரியத்துல சொல்றேன்னு வச்சுக்கங்களேன்.

என் வீட்டுக்காரியா? கண்ணை மூடித்தான் இருக்கா, தூங்குறாளான்னு தெரியாது. வாதம் வந்து வலது பக்கம் விழுந்ததுலேருந்து பேச்சு இல்ல. ஆனா காது நல்லாக் கேக்கும், விவரமெல்லாம் தெளிவா இருக்குன்னு டாக்டர் சொன்னாரு. காலையிலேருந்து என் முகத்தைப் பாக்க மாட்டேங்குறா. முகத்தைச் சுவத்துப் பக்கமே வச்சிருக்கா. கேக்கட்டும். அவளுக்கும் இது பாதிதான் தெரியும்.

நான் கம்ப்யூட்டர் வாத்தியார். பேரு சற்குணம். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னாடி சமுதாயக் கல்லூரின்னு போர்டு போட்ட ரெண்டு மாடிக் கட்டடம் இருக்குல்ல, தையல் மெஷின் சத்தம் ரோடு வரைக்கும் கேக்குமே, அதுல பதினாறு வருஷமா இருக்கேன். காலேஜுன்னதும் பெருசா நெனைச்சுக்காதீங்க. பத்தாவதோட நின்ன பசங்க, கல்யாணம் ஆகி வீட்டோட கெடக்குற பொண்ணுங்க, இவங்களுக்கெல்லாம் ஒரு வருஷப் படிப்பு. தையல் இருக்கு, ஏசி மெக்கானிக் இருக்கு, நோயாளி பராமரிப்பு இருக்கு. ஒன்பது மாசம் கிளாஸ், மூணு மாசம் ஆஸ்பத்திரியில பயிற்சி, அப்புறம் சர்டிபிகேட். அந்த சர்டிபிகேட் இருந்தா இங்க மாதிரி ஆஸ்பத்திரிகள்ல நோயாளியைத் தொடலாம். இல்லேன்னா தரையைத்தான் தொடலாம்.

போன வருஷம் ட்ரஸ்டுலேருந்து நோயாளி பராமரிப்பு கிளாசுக்கு நாப்பத்தோரு டேப்லெட் கொடுத்தாங்க. ஆளுக்கு ஒண்ணு. அதுக்குள்ள பாடமெல்லாம் வீடியோவா இருக்கும். ஊசி போடுறதுக்கு முன்னாடி கை கழுவுறது, காய்ச்சல் பாக்குறது, ஆளைத் தூக்கி உக்கார வைக்கிறது, இப்படி முப்பது பாடம். யாரு எத்தனை மணி நேரம் பாத்தா, எத்தனை தடவை பாத்தாங்கிறது தானாப் பதிவாயிரும். நெறைய பாத்தவங்க பேரு பச்சையில வரும், பாக்காதவங்க பேரு சிவப்புல வரும். அந்தத் திட்டத்துக்கு நான்தான் பொறுப்பு.

எனக்கு அதுல எவ்வளவு சந்தோஷம் தெரியுமா? பதினாறு வருஷமா, ‘அந்தக் கம்ப்யூட்டர் ரூம் சாவி வச்சிருக்காரே, அவரு’ன்னுதான் என்னைச் சொல்லுவாங்க. இப்ப தாளாளரே மாடி ஏறி என் ரூமுக்கு வந்து, "சற்குணம், இந்த வாரம் எத்தனை பச்சை?"ன்னு கேக்குறாரு. திங்கக்கிழமை காலையில பிரேயர் முடிஞ்சதும் அந்தப் பட்டியலைச் செவுத்துல பெருசாப் போட்டுக் காமிப்பேன். பச்சையெல்லாம் உக்காரலாம். சிவப்பு மட்டும் நிக்கணும். அது என் ஏற்பாடுதான். யாரும் சொல்லிக் கொடுக்கல.

மொதல் வாரம் பதினேழு பேர் நின்னாங்க. ரெண்டாவது மாசம் மூணு பேர். அதுக்கப்புறம் ஒரே ஆளு. நாகஜோதி மட்டும்தான்.

ஒரு வாரம் ரெண்டு வாரம் இல்ல, ஏழு மாசம். வாராவாரம் திங்கக்கிழமை அந்தப் பொண்ணு மட்டும் எந்திரிச்சு நிக்கும். இருபத்தாறு வயசு, ஒண்ணாப்பு படிக்கிற மகன் இருக்கான். சின்னப் புள்ளைங்க நாப்பது பேரு உக்காந்திருக்க, இது மட்டும் புடவை முந்தியை இழுத்துச் செருகிட்டு நிக்கும். பேருக்கு நேரா, பாத்த நேரம் பூஜ்ஜியம்னு செவப்பா வரும்.

இப்ப அந்த பூஜ்ஜியம் எப்படி வந்துச்சுன்னு சொல்றேன். இதைத்தான் நான் யார்கிட்டயும் சொன்னதில்ல.

டேப்லெட் கொடுத்த அன்னைக்கு ஒவ்வொருத்தருக்கும் போன் நம்பரைப் போட்டுப் பதிவு பண்ணணும். நம்பரைப் போட்டா அந்தப் போனுக்கு ஓடிபி வரும், அதைச் சொன்னாத்தான் உள்ள போகும். நாகஜோதிகிட்ட போன் இல்ல. வீட்டுக்கு ஒரே போன், அது புருஷன் சட்டைப் பையில. அவன் மலையில ஏலத்தோட்டத்துக்கு ஜீப் ஓட்டுறவன். மேல ஏறிட்டா சிக்னலே இருக்காது. அந்தப் பொண்ணு கையைப் பெசஞ்சுக்கிட்டு நிக்குது. பின்னாடி வரிசை நீளமா நிக்குது. எனக்கு மதியம் சாப்பாட்டு நேரம் தாண்டிருச்சு. "சரி விடு, என் நம்பரைப் போடு"ன்னு சொல்லி, என் போனுக்கு வந்த ஓடிபியைச் சொல்லிட்டேன். உதவிதானே பண்ணேன்? அந்த நேரத்துல அது உதவிதானே?

என் நம்பர் ஏற்கெனவே அதுல வாத்தியாருன்னு பதிவாகியிருக்கு. அதனால அந்தப் பொண்ணோட டேப்லெட் என் பேருல தொறந்துருச்சு. தொறந்ததும், ‘வணக்கம் சற்குணம்’னு வந்துச்சு. அது என்னைப் பாத்து, "சார், உங்க பேரு வருது சார்"னு சொல்லுச்சு.

"அது அப்படித்தான் வரும். நீ பாடத்தைப் பாரு"ன்னேன்.

சாயங்காலம் சரி பண்ணிரலாம்னு நெனைச்சேன். அப்புறம் மறந்துட்டேன்.

தண்ணி கொஞ்சம் கொடுங்கம்மா. நாக்கு ஒட்டுது.

மறந்துட்டேன்னுதான் ரொம்ப நாளு எனக்கே சொல்லிட்டிருந்தேன். ஆனா மறக்க விட்டாத்தானே? அந்தப் பொண்ணு வீட்டுல நெட் கெடையாது. எங்க காலேஜ்ல ஆபீஸ் மாடிப்படிக்கு அடியில வைபை பெட்டி இருக்கு. தெனம் கிளாசுக்கு ஒரு மணி நேரம் முன்னாடி வந்து, படிக்கு அடியில குனிஞ்சு உக்காந்து பாத்துட்டிருக்கும். சாயங்காலமும் பஸ் வர்ற வரைக்கும் அங்கதான். நான் அந்தப் படியில ஏறித்தான் போவேன். எறங்கும்போது அதோட உச்சந்தலை தெரியும். ஒருநாள் நாலு வாத்தியாருங்க கூட நிக்கிறப்ப, "என்ன நாகஜோதி, சீரியலா?"ன்னு கேட்டேன். எல்லாரும் சிரிச்சாங்க. "பாடம் சார்"னு சொல்லுச்சு. "பாடம் பாத்தா எப்படிம்மா பூஜ்ஜியம் வரும்? எந்தப் பாடம் அது, எங்களுக்கும் சொல்லேன்"னு கேட்டேன். மறுபடியும் எல்லாரும் சிரிச்சாங்க.

அது வாயைத் தொறந்துச்சு. என் முகத்தைப் பாத்துச்சு. அப்புறம் வாயை மூடிக்கிச்சு.

பின்னாடி ரூத் மேடம் சொல்லித்தான் எனக்குத் தெரியும். ரூத் மேடம் அந்த கிளாசோட டீச்சர், அரசாங்க ஆஸ்பத்திரியில முப்பது வருஷம் நர்சா இருந்து ரிட்டயர் ஆனவங்க. அவங்ககிட்ட நாகஜோதி சொல்லுச்சாம், "எல்லார் முன்னாடியும், சார் நீங்கதான் தப்பாப் போட்டுட்டீங்கன்னு எப்படி மேடம் சொல்றது? சாருக்கு அசிங்கமாயிரும்ல"ன்னு. எனக்கு அசிங்கமாயிரும்னு அது ஏழு மாசம் எந்திரிச்சு நின்னிருக்கு.

ஆஸ்பத்திரிப் பயிற்சிக்கு ஆள் அனுப்புற நேரம் வந்துச்சு. பாடத்துல நூத்துக்கு எம்பது பங்கு பாத்திருந்தாத்தான் அனுப்பணும்னு விதி. அந்த விதியை எழுதிக் கொடுத்ததும் நான்தான். தாளாளர் பட்டியலைப் பாத்துட்டு, "நாப்பது பேரு பச்சை. இந்த ஒரு பொண்ணை என்ன பண்றது?"ன்னு கேட்டாரு. ரூத் மேடம் எந்திரிச்சாங்க. கையில ஒரு நோட்டு. அவங்க பழைய ஆளு, ஒரு கை இல்லாத பொம்மையைக் கட்டில்ல போட்டுச் சொல்லிக் கொடுத்து, வாராவாரம் ஒவ்வொருத்தரையும் செய்ய விட்டு, நோட்டுல மார்க் எழுதுவாங்க. "சார், நான் எம்பது கிலோ. நான் கட்டில்ல படுத்துக்கிட்டேன். என்னை ஒத்தையாளா, ஒரு எலும்பு நோகாமத் திருப்பிப் போட்டுச்சு இந்தப் பொண்ணு. வேற யாராலயும் முடியல. இவளை அனுப்பலேன்னா வேற யாரையுமே அனுப்பக் கூடாது"ன்னாங்க.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "மேடம், கையில எழுதுன மார்க்கெல்லாம் இப்பச் செல்லாது. மெஷின் பொய் சொல்லாது"ன்னு சொன்னேன்.

ரூத் மேடம் நோட்டை மூடி வச்சுட்டாங்க. அந்த மாசத்தோட வேலையை விட்டுட்டு மகள் வீட்டுக்குக் கோயம்புத்தூர் போயிட்டாங்க. போறதுக்கு முந்தின நாள் என் ரூமுக்கு வந்து, நான் இப்பச் சொன்னேன்ல, அந்த விஷயத்தைச் சொன்னாங்க. "உங்க பேருல ஒரு தடவை தொறந்து பாருங்க, சற்குணம் சார்"னு சொல்லிட்டுப் போனாங்க.

தொறந்தேன். இருநூத்திப் பன்னெண்டு மணி நேரம். என் பேருல.

நான் ஒரு பாடம் கூடப் பாத்ததில்லம்மா. எனக்கு ரத்தம்னாலே ஆகாது. முப்பது பாடமும், ஒவ்வொண்ணும் நாலு தடவை, ஏழு தடவை, பத்து தடவை பாத்ததா வருது. பதினாலாம் பாடம் பத்தொம்பது தடவை. தேதி, நேரம் எல்லாம் வருது. காலையில எட்டு மணி, சாயங்காலம் அஞ்சு மணி. அது படிக்கு அடியில உக்காந்திருந்த நேரம்.

உடனே அந்த டேப்லெட் பாடத்தைத் தயார் பண்ணிக் கொடுத்த கம்பெனிக்குப் போன் போட்டேன். அதுவரைக்கும் நான் ஒழுங்காத்தான் இருந்தேன், அதையும் சொல்லிக்கிறேன். அந்தப் பக்கம் ஒரு பொண்ணு, "ஒண்ணுமில்ல சார், ஒரு மெயில் போடுங்க, மூணே நாள்ல அந்த நேரத்தையெல்லாம் அவங்க பேருக்கு மாத்திருவோம்"னு சொல்லுச்சு. ஒரு மெயில். நாலு வரி. எழுதிக்கூட வச்சேன். சனிக்கிழமை. திங்கக்கிழமை அனுப்பலாம்னு விட்டேன்.

திங்கக்கிழமை தாளாளர் ஸ்வீட்டோட வந்து நிக்கிறாரு. பத்துச் சமுதாயக் கல்லூரி வாத்தியாருங்கள்ல, அதிக நேரம் பாடம் பாத்த வாத்தியார் நான்தானாம். எனக்கு விருதாம். "ஒரு கம்ப்யூட்டர் வாத்தியாரு, தன் பாடமே இல்லாத நோயாளி பராமரிப்பை இருநூறு மணி நேரம் உக்காந்து படிச்சிருக்காருய்யா"ன்னு என் கையைப் பிடிச்சுக்கிட்டு, கண்ணுல தண்ணியோட சொல்றாரு. ரூம் நெறைய ஆளு. நான் என்ன சொல்ல? அந்த எடத்துல நீங்களா இருந்தா என்ன சொல்லியிருப்பீங்க?

சொல்லியிருப்பீங்களா. ம்.

விழா நடந்துச்சு. சால்வை போட்டாங்க, ஷீல்டு கொடுத்தாங்க. ரெண்டு வார்த்தை பேசச் சொன்னாங்க. நான் பேசுனேம்மா. "சொல்லிக் கொடுக்கிறவன் மொதல்ல கத்துக்கணும். என் புள்ளைங்க என்ன படிக்குதுங்கன்னு தெரிஞ்சுக்கத்தான் நானும் உக்காந்து பாத்தேன்"னு பேசுனேன். யாரும் எழுதிக் கொடுக்கல. தானா வந்துச்சு. இவ மொத வரிசையில பட்டுப்புடவை கட்டி உக்காந்திருந்தா. வீட்டுக்கு வந்து, டிவி மேல இருந்த பொம்மைகளையெல்லாம் எடுத்துட்டு அந்த ஷீல்டை வச்சா. வீட்டுக்கு யாரு வந்தாலும், "இவரு இருநூறு மணி நேரம் படிச்சாரு"ன்னு சொல்லுவா. எப்பப் படிச்சீங்கன்னு என்னை ஒரு தடவை கூடக் கேட்டதில்ல. சாயங்காலம் அஞ்சரைக்கெல்லாம் வீட்டுல காப்பி குடிச்ச ஆளு நான். அது அவளுக்குத் தெரியாதா? தெரியும். நம்புனா, அவ்வளவுதான்.

விழாவுக்கு நாகஜோதியும் வந்திருந்துச்சு. டேப்லெட்டைத் திருப்பிக் கொடுக்கணும்ல, அதுக்கு. கடைசியில, கதவுகிட்ட, டேப்லெட்டை நெஞ்சோட பிடிச்சுக்கிட்டு நின்னுச்சு. எல்லாரும் கை தட்டும்போது அதைக் கக்கத்துல இடுக்கிக்கிட்டு, அதுவும் கை தட்டுச்சு. நான் பாத்தேன்.

அந்த மெயில் இன்னும் என் கம்ப்யூட்டர்ல இருக்கு. அழிக்கல. அனுப்பவும் இல்ல.

இதெல்லாம் நடந்து எட்டு மாசம். போன மாசம் இவ குளிக்கப் போன எடத்துல விழுந்தா. இங்க கொண்டுவந்து போட்டோம். வார்டுல உதவிக்கு யாருன்னு பாத்தா, அபிநயா. எங்க காலேஜ்தான். நூத்துக்கு நூறு பச்சை வாங்குன பொண்ணு, நானே மேடையில கூப்பிட்டுப் பேனா கொடுத்தேன். என்னைப் பாத்ததும் ஓடி வந்து, "கவலைப்படாதீங்க சார், நான் பாத்துக்கிறேன்"னு சொல்லுச்சு. நல்ல பொண்ணுதான். ஆனா இவளைத் திருப்புறேன்னு கக்கத்துல கையைக் கொடுத்து ஒரு இழுப்பு இழுத்துச்சு பாருங்க, பேச்சு வராத இவ வாயிலேருந்து ஒரு சத்தம் வந்துச்சு. அஞ்சே நாள்ல இடுப்புக்குக் கீழ புண்ணு. ரூபாய் நாணயம் அகலத்துக்குத் தோல் உரிஞ்சு செவந்து கெடக்கு. "பாடத்துல படிச்சேல்ல?"ன்னு கேட்டேன். அபிநயா தலையைக் குனிஞ்சுக்கிட்டு, "வீட்டுல ஓட விட்டுட்டு வேலை பாப்பேன் சார். ஓடுனாலே பச்சை வந்துரும்ல"ன்னு சொல்லுச்சு. எனக்கும் அது தெரிஞ்ச விஷயம்தான். எல்லாருமே அப்படித்தான் பண்ணுனாங்க. பச்சை வந்தாச் சரின்னு நானும் விட்டேன்.

அப்பத்தான் கட்டிலுக்கு அடியில துடைப்பம் வந்துச்சு. அப்புறம் ஒரு கை. எந்திரிச்சுப் பாத்தா நாகஜோதி.

"சார், நல்லா இருக்கீங்களா? அம்மாவுக்கு என்ன சார்?"

ஒரு கோவம் இருக்கணுமே. ஒரு முகச்சுளிப்பு இருக்கணுமே. ஒண்ணும் இல்லம்மா. கையை சோப்புப் போட்டுக் கழுவிட்டு வந்து, இவ முதுகைப் பாத்துச்சு. "ரெண்டு மணி நேரத்துக்கு ஒருக்கா மாத்தணும் சார், போன்ல அலாரம் வச்சுக்கங்க"ன்னு சொல்லுச்சு. அப்புறம் இவளைத் திருப்பிச்சு. நீங்களும் பாத்திருக்கீங்கள்ல? இழுக்காது, தூக்காது. என்ன பண்ணுதுன்னே தெரியாது, இவ பாட்டுக்கு அந்தப் பக்கம் திரும்பியிருப்பா. அன்னையிலேருந்து தெனம், பக்கெட்டைத் தள்ளிட்டு இந்தக் கட்டிலுக்கு வரும்போதெல்லாம் ஒரு நிமிஷம். நேத்து டாக்டர் பாத்துட்டு, புண்ணு காய்ஞ்சிருச்சே, யாரு பாத்துக்கிறதுன்னு கேட்டாரு. அபிநயான்னு சொன்னேன்.

ஆமா, அதையும்தான் சொன்னேன்.

இன்னைக்குக் காலையில சூப்பர்வைசர் பாத்துட்டாரு. கூட்டுற பொண்ணு நோயாளியைத் தொடலாமான்னு ஒரே சத்தம். எலும்பு ஒடஞ்சா யாரு பதில் சொல்றதுன்னாரு. அவரு சொல்றதும் சரிதானே, ஆஸ்பத்திரின்னா விதி இருக்கும்ல. நாகஜோதி மெதுவா, "நான் இதைப் படிச்சிருக்கேன் சார்"னுச்சு. "எங்க படிச்ச? சர்டிபிகேட் எங்க?" அது என்னைக் கை காமிச்சு, "சாருக்குத் தெரியும் சார், சாரைக் கேளுங்க"ன்னு சொல்லுச்சு.

அவ்வளவு நம்பிக்கையாச் சொல்லுச்சும்மா. இந்த ஒரு தடவை சார் சொல்லிருவாருன்னு.

சூப்பர்வைசர் என்கிட்டத் திரும்புனாரு. நான், "எங்க காலேஜ் பொண்ணுதான். ஆனா கோர்சை முடிக்கல"ன்னு சொன்னேன்.

பொய் இல்லையே? ஒரு வார்த்தை பொய் உண்டா அதுல? கேளுங்க. கோர்சை முடிக்கலதானே?

அது என்னை ஒரு தடவை பாத்துச்சு. அப்புறம் பக்கெட்டை எடுத்துட்டுக் கீழ போயிருச்சு. நான் இவ கையைப் பிடிச்சேன். இவளுக்கு எடது கை மட்டும் வேலை செய்யும். அந்தக் கையால என் கையைத் தள்ளிவிட்டுட்டு முகத்தைச் சுவத்துப் பக்கம் திருப்பிக்கிட்டா. அப்பத்தான் எனக்குத் தெரிஞ்சுது, இத்தனை நாளா அந்தப் பொண்ணு இவளைத் திருப்பும்போது ஏதோ மெல்லப் பேசிட்டே இருக்குமே, என்ன பேசுச்சோ, இவ என்ன புரிஞ்சுக்கிட்டாளோ. என்னைப் பத்தித் தப்பா ஒண்ணும் சொல்லியிருக்காது. அதுதான் இன்னும் கேவலமா இருக்கு.

என்னம்மா அப்படிப் பாக்குறீங்க? என்கிட்டச் சொல்லி என்ன ஆகப்போகுது, கீழ போய்ச் சொல்லுங்கன்னுதானே? தெரியுது. இருபது படிதான். காலையிலேருந்து ரெண்டு தடவை படி வரைக்கும் போயிட்டு வந்துட்டேன். சொன்னா அதோட நிக்காதும்மா. ஏன் முடிக்கலேன்னு கேப்பாங்க. அப்புறம் ஷீல்டு, சால்வை, தாளாளர், அந்தப் பேச்சு, எல்லாம் வரும். எனக்கு இன்னும் நாலு வருஷம் சர்வீஸ் இருக்கு.

இருங்க. அடிக்குது. போன் இல்ல, அலாரம். மூணு நாப்பது ஆயிருச்சு. இவளைத் திருப்பணும்.

அபிநயாவைக் கூப்பிடவா? ஒண்ணே முக்காலுக்கு அது வந்து இழுத்ததுலயே இவ அழுதுட்டா. வேண்டாம். நானே பண்றேன். இந்தாடி, மெதுவா... எந்தக் கையை மொதல்ல? தோளைப் பிடிக்கிறதா, இடுப்பைப் பிடிக்கிறதா? ஐயோ, இல்லடி, இல்லடி, விட்டுட்டேன். விட்டுட்டேன்.

இருநூத்திப் பன்னெண்டு மணி நேரம் படிச்சவனாம். கட்டுன பொண்டாட்டியைத் திருப்பிப் படுக்க வைக்கத் தெரியல.

ஒரு நிமிஷம்மா. போனைப் பிடிங்க. கண்ணாடியை எங்க வச்சேன்... இந்தா. இங்க பாருங்க, தொறந்தா என்ன வருது? வணக்கம் சற்குணம். கீழ தள்ளுங்க. பதினாலு. ‘படுக்கையில் இருப்பவரைத் திருப்புதல்.’ பக்கத்துல என்ன போட்டிருக்கு? பத்தொம்பது தடவை. ஓட விடுங்க.

தூரத்துக் கையை நெஞ்சு மேல வைக்கணுமா. சரி. அந்தப் பக்கத்து முழங்காலை மடக்கி... அப்படியா. தோள்ல ஒரு கை, இடுப்புல ஒரு கை. இழுக்கக் கூடாது, நம்ம பக்கமா உருட்டணும். நீங்க அந்தத் தலகாணியை எடுத்து முதுகுக்குக் கொடுங்க. ம், வர்றா. வந்துட்டா. காலுக்கு நடுவுல இன்னொண்ணு. அடியில இருக்குற தோளைக் கொஞ்சம் வெளிய எடுத்து விடணுமாம், நசுங்கிருமாம். இதைத்தான் நாகஜோதி பண்ணும், ஞாபகம் இருக்கா? கடைசியில தோள்கிட்ட கையை விட்டு ஏதோ பண்ணுமே. இதுதான்.

முடிஞ்சுதா? நிப்பாட்டுங்க. இப்ப அந்த எண்ணைப் பாருங்க.

இருபது.

பாத்தீங்களா. அந்தக் கடைசி ஒண்ணுதான்மா நான் பாத்தது.

ஐயோ, இவ என்னைத்தான் பாக்குறா. திரும்பிட்டாள்ல, இப்ப முகம் இந்தப் பக்கம் வந்துருச்சு. எல்லாத்தையும் கேட்டுட்டுத்தான் இருந்திருக்கா. என்னடி? அழாதடி. எனக்குத் தெரியுது. கையைத் தூக்காத, எங்க காமிக்கிற? வாசலையா? தெரியுதுடி. போறேன்.

மணி மூணு அம்பத்தொண்ணு. நீங்களும் கூட வர்றீங்களாம்மா? வேண்டாம், வேண்டாம். இவகிட்ட ஒரு ஆளு வேணும். போனைக் கொடுங்க. அங்க போய் எனக்கு வாய் வராது, எனக்கே என்னைத் தெரியும். காலையில வராதது இப்ப மட்டும் எப்படி வரும்? அதான், இந்தப் பக்கத்தை அப்படியே தொறந்து சூப்பர்வைசர் மேசையில வைக்கப் போறேன். அந்தப் பொண்ணு பாக்கும்படியா வைக்கணும். இதுல பத்தொம்பது அதோடதுங்க, ஒண்ணுதான் என்னோடதுன்னு அந்த ஒரு வரியாவது சொல்லிரணும்.